பால்மானி

பெட்டி தூக்குவது என் வேலை.
உள்ளே நீலச் சகலாத்தில் படுத்திருக்கும்
ஒரு சாண் கண்ணாடி,
அடியில் ஈயக்குண்டு, கழுத்தில் கோடுகள்.

விடியுமுன் நுவரெலியா எல்லையில் நிற்போம்,
யான்ஸ் ஐயா கம்பளிக்குள்,
நான் சாக்குக்குள்.
பனியில் பால் தெரியாது.
கேன் மூடியின் சத்தம்தான் முதலில் வரும்.

அன்று முதலில் வந்தது ஊசிமலைத் துரை பட்டிப் பால்.
பித்தளை மூடி, சலவைத் துணி.
முப்பதில் நின்றது கண்ணாடி
கோர்ட்டில் சத்தியம் பண்ணுகிறவன் மாதிரி
அசையாமல்.
‘நம்பர் ஒன்’ என்றார் ஐயா.

வேட்டி நுனியில் துடைத்து
ஒச்சாயியின் செம்பில் விட்டேன்.
இருபத்திரண்டு வரை முங்கிற்று.

‘கொதிக்கவச்ச தண்ணிதான் சாமி,
செம்பையும் சுட்டுத்தான் கழுவுறேன்,
அரைப்படிதான்...’

ஐந்து ரூபாய் எழுதினார்.
அவளுக்கு அது பதினைந்து நாள் பேர்.
செம்பைத் தலைக்கேற்றி
டவுனுக்கு இறங்கிப் போனாள்.

மூன்றாம் வாரம் நெருப்புக் காய்ச்சல்.
டவுன் வரைபடத்தில்
ஐயா சிவப்புப் பென்சிலால் புள்ளி வைத்தார்.
பதினொரு வீடு.
பத்து வீட்டில் ஊசிமலைப் பால்,
பங்களா வழக்கப்படி காய்ச்சாமல்.

மலையேறினோம்.
காய்ச்சலில் கிடந்து எழுந்த சடையன்
லயத்துக்குக் கீழே, கானுவில்,
கேனை முக்கி முக்கி எடுத்துக்கொண்டிருந்தான்.
மண் போட்டுத் தேய்த்திருந்தான். பளபளவென்று இருந்தது.
ஐயா தொப்பியைக் கழற்றினார்,
வெயில் இல்லாத இடத்தில்.

நான் பிறந்தது அந்த லயத்தில்.
கானுவில் என்னென்ன ஓடும் என்று தெரியும்.
கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்.
பெட்டி தூக்குகிறவனிடம்
வழி மட்டும்தான் கேட்பார்கள்.

இப்போது பட்டியில் செப்பு அண்டா,
கார்பாலிக் சோப்பு,
கறக்குமுன் நகம் பார்க்க ஒரு கிளாக்கர்.
ஒச்சாயியின் ஐந்து ரூபாய்
ஐந்து ரூபாயாகவே போயிற்று.

பதினோராவது புள்ளி,
பதுளை ரோட்டுத் தபால் மாஸ்டர் வீடு.
பங்களாவைப் பார்த்துப் பச்சைப் பால் பழகியவர்கள்,
வாங்கியது ஒச்சாயியிடம்.
ஐயா வெகுநேரம் அதையே பார்த்தார்.
பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டு
வரைபடத்தைச் சுருட்டினார்.

நான் பெட்டியை மூடினேன்.

அன்றிரவிலிருந்து
யாரும் சொல்லாமலே
கண்ணாடியை வெந்நீரில் கழுவுகிறேன்.
வேட்டியின் அந்த நுனியை
வெட்டி அடுப்பில் போட்டாயிற்று.
பெண்டாட்டி கேட்டாள்.
தீப்பொறி என்றேன்.