முறைக்கல்

தோர்மெஷில் நானூற்றுப் பன்னிரண்டு வீடுகள்.
படிகம் ஒன்றுதான்.
வீட்டுக்கு ஓர் இரவு என்று ஊரைச் சுற்றி வரும்.
அதனால் முறைக்கல் என்று பேர்.
எங்கள் ஆண்டுக்கும் நானூற்றுப் பன்னிரண்டு இரவுகள்.
வீடுகளை எண்ணித்தான் ஆண்டை அளந்தார்களோ என்னவோ.

கொண்டுபோய் வைப்பவள் நான்.
விடிந்ததும் எடுத்து வருபவளும் நானே.
விடிவது என்றால்
சின்ன நிலா இறங்கிப் பெரிய நிலா ஏறுவது,
அவ்வளவுதான் எங்களுக்கு.

வாத்து முட்டையைவிடச் சற்றுப் பெரிது.
ஒரு முனை உடைந்திருக்கும்.
எனக்கு முன் சுமந்த ஹெஸ்கல்
பனிப்படியில் வழுக்கியபோது உடைந்தது.
அவன் காலும் அன்றே உடைந்தது.
ஊரார் கல்லைத்தான் முதலில் தூக்கினார்கள்.

அது தங்கும் இரவில்
உள்சுவரின் உறைபனி கசிந்து வழியும்.
கொழுப்பு விளக்கைத் தணித்துவிடலாம்.
கையுறையைக் கழற்றலாம்.
கழற்றக்கூடியவை வேறும் உண்டு.
ஆகவே எங்கள் ஊரில் பிறந்த நாளைச் சொன்னால்
தெருவைச் சொல்லிவிடலாம்:
வலைபின்னுவோர் சந்தில் எல்லோரும் மீன்வரத்து மாதம்,
கொல்லர் மேட்டில் எல்லோரும் புயல் மாதம்.
ஓர்வினா மட்டும் முறை தவறிப் பிறந்தவள்.
அவள் அம்மா எந்த வீட்டில் குளிர் காய்ந்தாள் என்று
நாற்பது வருடமாக ஊர் கணக்குப் போடுகிறது.

எடுக்கப் போகையில் ஒரே கேள்விதான் கேட்பேன்.
எப்படி இருந்தது?
கதகதப்பு, என்பார்கள்.
எழுதிக் கையெழுத்து வாங்குவேன்.
கல் இளஞ்சூடாக இருக்கும்.
மார்போடு கட்டிக்கொண்டு நடப்பேன்.
என் கூலி அது.
சுமப்பவள் வீட்டுக்கு முறை கிடையாது.

இந்த வருடம் முந்நூற்று ஆறாம் வீட்டில்
தட்டியும் கதவு திறக்கவில்லை.
உடைத்துப் பார்த்தோம்.
ஒரே கம்பளிக்குள் மூன்று பேர்.
காலியான இரவை என் பேருக்கு எழுதினார்கள்.

மேசையில் வைத்தேன்.
கையுறையைக் கழற்றினேன்.
காத்திருந்தேன்.
உறைபனிச் சுவரில்
எப்போதோ நகத்தால் கீறிய மீன்
ஒரு செதில்கூட உதிராமல் அப்படியே இருந்தது.
நள்ளிரவில் விரல்கள் நீலமாயின.
கல்லைப் போர்வைக்குள் இழுத்து
காய்ச்சல்காரப் பிள்ளையைப்போல் அணைத்துக்கொண்டேன்.
என்னிடமிருந்து அதுதான் சூடு வாங்கியது.

முதலில் வந்தது பயமல்ல, வெட்கம்.
என் வீட்டுக்கு மட்டும் என்ன குறை?
பெதுர் தால்மேக்கு
அரைப்படி கொழுப்பு பாக்கி. அதுவா?
விடிந்ததும் பதிவேட்டைத் திறந்தேன்.
மைக்குடுவை கட்டியாகிக் கிடந்தது.
அக்குளில் இடுக்கி இளக்கி எழுதினேன்:
கதகதப்பு.

எழுதிய பிறகுதான் உறைத்தது.

பின்னோக்கிப் புரட்டினேன்.
முந்நூற்று ஐந்து: கதகதப்பு.
இருநூற்று எழுபது: மிகவும் கதகதப்பு.
அந்த ‘மிகவும்’ எதற்கு?
முந்நூற்று ஆறு, போன வருடம்:
கதகதப்பு, நன்றி.
மூன்று வருடத்துக்கு முன், புயல் மாதத்தில்
ஓர் இரவிலிருந்து
கையெழுத்தெல்லாம் விறைத்த விரல்களுடையவை.
தொட்டில் தச்சன் ரஸ்கோ
மூன்று வருடமாகச் சறுக்குவண்டிதான் செய்கிறான்.
நானே அவனிடம் ஒன்று வாங்கினேன்,
விலை பேசினேன்,
ஏன் என்று கேட்கவில்லை.

என் மார்பில் கட்டிச் சுமந்த இளஞ்சூடு
யார் யாருடையது?

அன்றிரவு முந்நூற்று ஏழு.
புதிதாக மணமானவர்கள்.
தரையைத் துடைத்து, விளக்கைத் தணித்து,
இருக்கும் ஒரே நாற்காலியைக் கல்லுக்கு விட்டு
நின்றுகொண்டிருந்தார்கள்.
வைத்துவிட்டு வந்தேன்.
ஆமாம், வைத்துவிட்டுத்தான் வந்தேன்.

காலையில் போனேன்.
கல் இளஞ்சூடாக இருந்தது.
அந்தப் பெண் கைகளை முதுகுக்குப் பின்னால் வைத்திருந்தாள்.
கேள்வியைக் கேட்க அவன் காத்திருந்தான்,
பதில் ஏற்கெனவே உதட்டில் இருந்தது.
நான் கேட்கவில்லை.
பதிவேட்டை மூடி அதன்மேல் உட்கார்ந்தேன்.
கையுறையை உருவி
என் பத்து விரல்களையும் காட்டினேன்.

வெகுநேரம் பார்த்தாள்.
பிறகு எழுந்துபோய்
விளக்குத் திரியைத் தூண்டினாள்.