கோடு போன இடம்

காக்ஸ் டவுன் மாநகராட்சி அலுவலகத்தில்
உன் பெயரை உள்ளே விட மறுக்கிறது கணினி.
"நடுவில் இந்தக் கோடு எதுக்கம்மா?"
புட்டசாமி கேட்கிறார், பாதி கன்னடம் பாதி தமிழ்.

கோடு இல்லை சார், கடல்.
இந்தக் கரையில் ஸ்காட்லாந்து, இவன் அப்பாவைப் பெற்றவர்:
கேலம் என்றால் புறா.
அந்தக் கரையில் அயர்லாந்து, பெற்றவள்:
ஃபின் என்றால் வெள்ளை.
அவர்கள் பேச்சில் பறவை முன்னே போகும்,
நிறம் பின்னால் வரும்.
திருப்பிப் போட்டால் நம் வெண்புறா.

அவர் உன்னைப் பார்க்கிறார்.
அப்படியே என் நிறம், கேப்பைக்களி.
சிரிப்பை மறைக்க ஃபைலைப் புரட்டுகிறார்.

புறா புறா என்று நான் சொன்ன அதே வாரம்தான்
நாலாவது மாடி பால்கனிக்கு வலை அடிக்க
சதுர அடி பதினெட்டு ரூபாய் பேசினேன்.
வலைக்காரர் உன் பெயரைக் கேட்டார்.
சொன்னேன்.
அர்த்தம் சொல்லவில்லை.

கடைசியில் கோடு போனது.
சான்றிதழில் இரண்டு தீவும் ஒட்டிக்கொண்டன
மூச்சுவிட இடமில்லாமல்.
ஆட்டோவில் அதை மடியில் வைத்து
ரோரி ஒருமுறை விரலால் தடவினான்,
அவ்வளவுதான்.

இரவு, தடுப்பூசி அட்டையின் பின்பக்கம்
தமிழில் எழுதிப் பார்த்தேன்:
கேலம்ஃபின்.
கோடு இருந்த அதே இடத்தில்
மூன்று புள்ளி உட்கார்ந்திருக்கிறது.
அரிச்சுவடியில் தனியாகவே நின்ற ஆய்தம்,
யாரோடும் சேராத எழுத்து,
உனக்காக இருவர் நடுவில்.

வெளியே வலைமேல் ஒரு புறா
கால் வைக்க இடம் தேடுகிறது.
சாம்பல் நிறம்.