நான்காம் டேக்

வீழிநாதன் சார் வெந்நீர்தான் குடிப்பார்.
வடபழனி, மூன்றாம் மாடி. ஏசியை நிறுத்திவிட்டு
கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவர்,
இந்தப் பக்கம் நான்.
இருபத்தாறு வருடம்.

என் வேலை சின்னது:
வாக்கியங்களுக்கு நடுவே அவர் இழுக்கும் மூச்சை
வெட்டி எறிய வேண்டும்.

கோயில் குளம், துறைமுகம், ரிப்பன் மாளிகைச் சுண்ணாம்பு,
டிராம் ஓடி நின்ற தெருக்கள்.
எந்த ஆவணப்படத்துக்கும் அந்த ஒரே குரல்,
எதையும் இடிக்காதே என்கிற குரல்.
ஞாயிற்றுக்கிழமைப் பத்தியிலும் அதேதான்:
வரியைக் குறை, வழக்கத்தில் கை வைக்காதே,
கொடி பிடித்தவன் எவனும் குழாய் ரிப்பேர் செய்ததில்லை.
நல்ல வரி. கோபத்தோடு ரசித்திருக்கிறேன்.

என் அப்பா கொடி பிடித்தவர்.
குழாயும் ரிப்பேர் செய்வார்.
எண்பத்தொன்றில் பெரம்பூர் ஆலை வாசலில்
நூற்றுப்பன்னிரண்டு நாள் உட்கார்ந்தபோது
இவர் எழுதினார்: வீட்டுக்குப் போங்கள்.
அதைக் கத்தரித்து ரேஷன் கார்டுக்குள் வைத்திருந்தார் அப்பா.
ஏன் என்று சொன்னதில்லை.
இவரிடம் நானும் சொன்னதில்லை.

போன ஐப்பசியில் அந்த ஆலையைப் பற்றியே படம்.
ஆற்காடு ரோடு முழுக்கத் தண்ணீர்.
ஆட்டோவில் பாதி, நடந்து பாதி,
வேட்டி நனைய வந்து சேர்ந்தார்.
தாளில் அந்தப் பழைய பத்தி.
அவரேதான் சேர்த்திருந்தார்.

முதல் டேக் தெளிவு.
"ரொம்ப கம்பீரமா இருக்கு, வேண்டாம்" என்றார்.
இரண்டாவதில் இருமல்.
மூன்றாவதில் கரண்ட் போனது.
நான்காவதில், அந்த இரண்டு சொல்லுக்கு முன்
மூச்சை இழுத்தவர் விடவில்லை.
திரையில் பச்சைக்கோடு படுத்துக்கிடந்தது.
ஏழு நொடி.
பிறகு வாசித்தார், அச்சில் இருந்தபடியே.

மன்னிப்புபோல ஏதாவது வரும் என்று காத்திருந்தேன்.
பிளாஸ்க்கைத் திருகி மூடினார்.
"அன்னிக்குச் சரின்னுதான் எழுதினேன்.
இன்னிக்கும் பாதி சரி."
குடையைத் தேடிக்கொண்டே கேட்டார்:
"உங்கப்பா ஸ்பின்னிங்கா, வீவிங்கா?"

வீவிங், என்றேன்.
தலையாட்டினார். லிஃப்ட் வேலை செய்யவில்லை.
ஒவ்வொரு படியாக இறங்கும் செருப்புச் சத்தம்
ரொம்ப நேரம் கேட்டது.

இரவு இயக்குநர் போன் செய்தார்:
"நடுவுல ஓட்டை மாதிரி இருக்கே, எடுத்துடுங்க."

எடுத்தேன், ஆறு நொடியை.
ஒன்றை விட்டுவைத்தேன்.
எடுத்த ஆறையும் எறிய மனமில்லாமல்
தனிக் கோப்பில் போட்டேன்.
பெயர் கேட்டது கம்ப்யூட்டர்.
அப்பாவின் டோக்கன் நம்பரை அடித்தேன்:
4417.