நான்காம் எதிர்மனுதாரருடன் ஒரே பேருந்தில்

பட்டியல் வந்த இரவு
புளியரையில் சாரல்.
சோதனைச்சாவடித் தகரம்
பேசுவதையெல்லாம் விழுங்கிக்கொண்டிருந்தது.
வெளியே
முட்டை வண்டி, வைக்கோல் வண்டி, சிமெண்டு,
ஒன்றன் முதுகில் ஒன்று மூச்சு விட்டபடி.

சுற்றறிக்கைக் கட்டில் அதுவும் ஒரு தாள்.
உதவியாளர்களின் தற்காலிகப் பணிமூப்புப் பட்டியல்.
ஆட்சேபணை இருப்பின் முப்பது நாளுக்குள்.
கரண்டு இல்லை. டார்ச்சை வாயில் கவ்விக்கொண்டு
‘பார்த்தேன்’ என்று எழுதி
சங்கரவடிவு, தேதி.

எழுத்து அழகாகத்தான் விழுந்திருக்கிறது.
வழக்குக் கட்டில் நாற்பத்தேழாம் பக்கம்,
நகலின் நகலிலும்
கொம்பு, சுழி எல்லாம் தெளிவு.
பார்க்கவில்லை என்பதை
எந்தப் பக்கத்தில் சேர்ப்பது?

இலாகாத் தேர்வு நான் தேறியது தொண்ணூற்றெட்டில்.
பட்டியலில் இரண்டாயிரத்து ஒன்று.
யாரோ மத்தியானத் தூக்கத்தில் வரி மாறி எழுதிய
மூன்று வருடம்.
அந்த இடுக்கில் நாற்பத்தொரு பேர் ஏறிப் போனார்கள்.
அதில் மைதீன் பிச்சை,
எனக்குப் பின் ஏழு மாதம் கழித்து வந்தவர்,
சேர்ந்த அன்று என்னிடம் பேனா இரவல் வாங்கித்தான்
பதிவேட்டில் கையெழுத்துப் போட்டார்.

அவர் துணை அலுவலராகி லட்டு கொடுத்த அன்றைக்குத்தான்
எனக்குத் தெரிந்தது.
தின்னாமல் கையில் வைத்துக்கொண்டே
கணக்குப் போட்டேன். நெய் விரலில் ஓடியது.

மனு எழுதினேன். பரிசீலனையில் என்றார்கள்.
நினைவூட்டினேன். கோப்பு திருநெல்வேலியில்.
நினைவூட்டினேன். கோப்பு சென்னையில்.
பதினோரு மனு, பதினான்கு வருடம்.
நடுவில் ஜி.எஸ்.டி. வந்து சாவடியையே பூட்டியது.
தூக்கிய தடுப்புக் கட்டை தூக்கியபடியே
துருப்பிடித்தது.

மதுரையில் நீதிபதி கோபப்படவில்லை.
பட்டிருந்தால் தேவலை.
பிழை பிழைதான் என்றார் பொறுமையாக.
ஆனால் மனுவின் மேல் மனு போட்டால்
கடிகாரம் நிற்காது.
குடிபுகுந்துவிட்டவர்களை
இத்தனை காலம் கழித்து எழுப்ப முடியாது.
தள்ளுபடி.
தீர்ப்பில் ஓரிடத்தில் ‘உறங்கியவர்’ என்று வருகிறது.
பாதி வேலைக்காலம் ராப்பணி பார்த்தவளை.

மாட்டுத்தாவணியில் செங்கோட்டை வண்டி.
ஒரே ஓர் இடம் காலி, பக்கத்தில் மைதீன் பிச்சை.
ஓய்வுபெற்று மூன்று வருடம், முழங்காலில் உறை.
நகர்ந்து உட்கார்ந்தார்.
“நான் ஒண்ணும் கேட்டு வாங்கலியே, மேடம்.”
“தெரியும்.”
ராஜபாளையம் வரை அவ்வளவுதான்.

சிவகிரி வந்ததும் அவன் ஞாபகம்.
புனலூர்க்காரன். ஓசூரில் நுழைந்த டைல்ஸ் லோடு.
என் மேசைக்கு அவன் வந்தபோது
பாஸ் காலாவதியாகி ஐந்து மணி நேரம்.
“சிவகிரியில் ஆக்ஸில் ஒடிஞ்ஞு போயி, சேச்சி.”
ஆதாரம் கேட்டேன்.
கிரீஸ் அப்பிய இரண்டு கையையும்
விளக்கின் கீழே விரித்துக் காட்டினான்.
அது ஆவணம் இல்லை என்றேன்.
அபராதச் சீட்டில், காரணம் என்ற கட்டத்தில்,
‘காலதாமதம்’.
அதே கையெழுத்து.
அவன் பேர்கூட அதில் எழுதியிருப்பேன்.
என்ன பேரோ.

“என்ன மேடம், தனியா பேசுதீய?”
“ஒண்ணுமில்ல.”
வேர்க்கடலைப் பொட்டலத்தைப் பிரித்து
இருவருக்கும் நடுவில் வைத்தார்.
நானும் எடுத்தேன்.

கடையநல்லூரில் கம்பியைப் பிடித்து எழுந்தவர்
“அப்பீலுக்குப் போவீயளா?” என்றார்.
“முப்பது நாள் இருக்கு.”
“இன்னைக்கும் சேத்தா?”

கண்டக்டர் விசில் ஊதினார்.
ஒரு விரலை மடக்கினேன்,
பிறகு நிமிர்த்தினேன்.