ஐந்தாம் ரீல்

அஹ்மதி. எண்ணெய்க் கம்பெனி கிளப். ஆகஸ்ட்.
தகரப் பெட்டியில் வந்திறங்கியது லண்டன் படம்.
டிவியில் ஆறு வருஷம் ஓடிய தொடராம்.
அரை மணி நேரத்துக்குத் தைத்த சட்டையை
ஒன்றரை மணி நேர உடம்புக்கு
இழுத்து மாட்டியிருந்தார்கள்.

நான் ஆபரேட்டர். குலாம் தஸ்தகீர்.
அவர்கள் நாக்கில் அது 'டஸ்டர்'.

ஒழுகும் தொட்டி வைத்த ஒரு வாடகை வீடு,
வீட்டுக்காரி, இரண்டு சோம்பேறிகள்.
குட்டையானவன் எதில் கை வைத்தாலும்
அது பிடுங்கிக்கொண்டு வரும்.
'லேசாத்தான் தொட்டேன்' என்பான்.
ஆறு வருஷமும் அதையேதான் சொன்னானாம்.

டிவியில் சிரிப்பையும் சேர்த்தே அனுப்புவார்களாம்.
படத்தில் அது கிடையாது.
இருந்தும், பழகிய கால்கள்,
ஒவ்வொரு வசனத்துக்கும் பிறகு நடிகர்கள் நிற்கிறார்கள்,
பஸ் வராத ஸ்டாப்பில் நிற்பதுபோல.
மதியம் தனியாக ஓட்டிப் பார்த்தபோது
அந்த இடைவெளிகளில் மெஷின் மட்டும் பேசியது.

இரவு அப்படியில்லை.
லீவில் ஊர்போய்ப் பார்த்துவிட்டு வந்தவர்கள்;
குட்டையன் கை குழாய்ப் பக்கம் போகும்போதே
முன்வரிசையில் சிரிப்பு புறப்பட்டுவிடும்.
வசனம் மூச்சிரைக்கப் பின்னால் ஓடிவரும்.

சென்சார் கத்தரி ஏற்கனவே மேய்ந்திருந்தது.
துண்டோடு குளியலறைக்குள் போன வீட்டுக்காரி
மறு நொடி பஸ்ஸில் உட்கார்ந்து டீ குடிக்கிறாள்.
அதற்கும் சிரித்தார்கள்.

ஐந்தாம் ரீலில் பாலைவனம்.
சோப்புக் கூப்பனில் பரிசு விழுந்து
மூவரும் அரபு தேசம் வருகிறார்கள்.
கடலை மாவு நிறத்தில் மணல்.
ஒரே ஒட்டகம், நாலு திசையிலிருந்தும் வருகிறது.
கூடாரத்திலிருந்து தட்டேந்தி ஒரு வேலைக்காரன்,
ஒட்டிய தாடி, நம் ஊர் முகம்,
கயிறு தடுக்கி வீட்டுக்காரி மடியில்
தட்டோடு விழுகிறான்.

கொட்டகை குலுங்கியது.
சரியாக அப்போதுதான் ரெமீஜியோ
எலுமிச்சைச் சாறு எடுத்துக்கொண்டு
நடு வழியில் போனான்.
என் வெளிச்சம் தலைக்கு மேல் இரண்டடிதான்.
யாரோ நாற்காலியைத் தள்ள, அவன் தட்டை உயர்த்த,
திரையின் மணல்மேல் கறுப்பாய் ஒரு கை,
கறுப்பாய் ஒரு தட்டு, எட்டு கிளாஸ்.
இரண்டாவது சிரிப்பு முதலாவதை விழுங்கியது.
'விழு, விழு' என்றது ஒரு குரல்.
ரெமீஜியோ விழவில்லை.
ஒரு சொட்டு சிந்தவில்லை.
அதில் அவர்களுக்குக் கொஞ்சம் ஏமாற்றம்.

எல்லோரும் போன பிறகு
'அந்தத் துண்டை மட்டும் போடு' என்றான்.
கணக்கர் குஞ்ஞப்பனும் தண்ணி லாரி யாக்கூபும்
முன்வரிசை மெத்தை நாற்காலியில் உட்கார்ந்தார்கள்,
முதல் தடவையாக.
ஒலியை மூடினேன். கார்பன் குச்சியைப் பற்றவைத்தேன்.

அவன் விழுந்தான். யாரும் சிரிக்கவில்லை.
ரெமீஜியோ தட்டுப் பிடித்திருந்த விரல்களைப் பார்த்து
'புதுப் பையன்' என்றான்.
யாக்கூப்தான் கண்டுபிடித்தான்:
'அவன் வாயைப் பாருங்கள்.'

புகை.
பேசும் ஒவ்வொரு வாயிலிருந்தும் வெள்ளைப் புகை.
ஒட்டகத்தின் மூக்கிலிருந்தும்.
இங்கிலாந்தில் ஏதோ மணல் குவாரி, ஜனவரி மாசம்,
மெல்லிய அங்கியில் அந்தப் பையன்
பல் கடித்துக்கொண்டு
பாலைவனமாய் நிற்கிறான்.
எங்களுக்கோ நடுநிசியிலும்
நாற்காலிக் கைப்பிடி சுடுகிறது.

முதலில் குஞ்ஞப்பன் தும்மியதுபோல இருந்தது.
பிறகு நாலு பேரும்.
ரெமீஜியோ வெள்ளைக் கோட்டைக் கழற்றி
வேர்வையைப் பிழிந்து காட்டி
'குளிருதப்பா, போர்த்து' என்று திரைக்கு நீட்டினான்.
மூன்று தடவை திருப்பி ஓட்டினேன்.

சனிக்கிழமை பெட்டி பஹ்ரைன் போகவேண்டும்.
ஒட்டும்போது கத்தரி கொஞ்சம் தள்ளி விழுந்தது.
நாலு ஃப்ரேம். நொடியில் ஆறில் ஒரு பங்கு.
இகாமா அட்டைக்குப் பின்னால் இருக்கிறது:
நகத்தளவு ஆள், தட்டு நேராக,
விழ இன்னும் நேரமிருக்கிறது,
உதட்டில் வெள்ளையாய் ஒரு நூல்.

பஹ்ரைனில் அந்த இடத்தில்
படம் ஒரு துள்ளு துள்ளும்.
யாராவது கேட்டு எழுதினால்
பதில் தயார்:
லேசாத்தான் தொட்டேன்.