சான்றாவணம் ஏழு

மாங்கூழ் ஆலையில் பெட்டி தூக்கும் திம்மராயன்
பாட்டு தன்னுடையது என்று
கிருஷ்ணகிரி மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்.
படம் எப்போதோ ஓடி முடிந்துவிட்டது.
பாட்டு இன்னும் பர்கூர் பஸ்ஸில் ஓடுகிறது.

எதில் எழுதினீர்கள்?
எடைச்சீட்டுக்குப் பின்னால்.
சீட்டு எங்கே?
லாரியோட போயிருக்கும்.
தேதி?
செந்தூரா முடிஞ்சு பெங்களூரா வர ஆரம்பிச்ச வாரம், மழை.
‘தேதி நினைவில்லை’ என்று அடித்தேன்.
நான் தட்டச்சர்.
மழைக்குப் படிவத்தில் இடமில்லை.

பாடிக் காட்டவா என்றார்.
நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். சரி.
கூண்டுக் கம்பியைப் பிடித்தபடி பாடினார்.
நல்ல குரல் என்று சொல்ல முடியாது.
வாய்தாவுக்கு வந்தவர்கள் வாசலில் கூடிவிட்டார்கள்,
டவாலி அதட்டவில்லை.
‘சாட்சி பாடிக் காட்டினார்.’
மூன்றே சொல். ராகத்துக்கு
எந்த விசையைத் தட்டுவது?

சென்னையிலிருந்து வந்த கவிஞரிடம்
வக்கீல் நாகவேணி கேட்டது ஒரே கேள்வி:
உங்கள் பல்லவியில் ‘சுனை பட்ட கை’ என்று வருகிறதே,
சுனை என்றால்?
மலை ஊற்று, என்றார் அவர். குளிர்ச்சி. ஒரு படிமம்.
குளிர்ந்த கை சோறள்ள ஏன் கூசுகிறது?
அவர் தண்ணீர் கேட்டார்.
திம்மராயன் சட்டைக் கையை மடித்துக் காட்டினார்.
சொனை, சார். காம்பு ஒடிச்சா பீறிட்டு அடிக்கும்.
முழங்கை வரை கறுத்த தழும்பு.
(இரண்டாம் சரணம் தன்னுடையதே என்று கவிஞர் சாதித்தார்.
இருக்கலாம். அதில் நிலா வருகிறது.)

பாட்டை முழுசாக அடித்து ஏழாம் சான்றாவணமாகச் சேர்த்தோம்.
தீர்ப்பு வந்து ஒன்பதாம் நாள்
நகலோடு என் ஜன்னலுக்கு வந்தார் திம்மராயன்.
ஜெயித்த முகமாக இல்லை.
விரல் வைத்துக் காட்டினார்:

சொனை சுட்ட கையிது
சோறள்ளக் கூசுது

நான் ‘பட்ட’ன்னுதானே பாடினேன்?

ஆமாம். ‘பட்ட’ என்றுதான் பாடினார்.
திருத்த மனு போடலாம், என்றேன்,
மணிக்கட்டு வளையலைக் கீழே இழுத்துவிட்டுக்கொண்டு.
தட்டச்சு உயர்நிலை பாஸ் ஆகும் வரை
இரண்டு சீசன், காவேரிப்பட்டணம் மண்டியில்
நானும் காய் பிரித்தவள்.

அவர் வளையலைப் பார்த்தாரா, தெரியாது.
வாய்க்குள் ஒருமுறை பாடிப் பார்த்தார்.
இருக்கட்டும்மா, என்று போய்விட்டார்.

இப்போது மேல்முறையீடு.
இரண்டு தரப்பு மனுவிலும் ‘சுட்ட’ என்றே இருக்கிறது.
அந்தச் சொல் தன் சொந்தக் கற்பனை என்று
கவிஞர் தனியாக ஒரு பத்தி எழுதியிருக்கிறார்.
அதையும் பிழையில்லாமல்
படியெடுத்துக் கொடுத்தேன்.