உயிர் இருந்தால்

முப்பத்தொரு வருடமாக
கொட்டாஞ்சேனையில் மீன் வாங்கப் போனாலும்
அதே கேள்வி:
"பிரதர், எப்ப ஃபாதர் ஆவீங்க?"
ஏதோ நான் சோதனையில் தவறிய பையன் போலவும்
அடுத்த தவணை எழுதித் தேறிவிடுவேன் போலவும்.
ஆகமாட்டேன் என்றால்
மீன்காரர் இரக்கப்பட்டு
ஒரு பிடி சூடை கூடப் போடுவார்.
வாங்கிக்கொள்வேன்.
ஏழ்மை வார்த்தைப்பாட்டில்
சூடைக்கு எதிராக ஒன்றும் இல்லை.

மட்டக்குளி இல்லத்தில் என் பொறுப்பு
தண்ணீர்த் தாங்கி, ஃபியூஸ், கணக்குப் புத்தகம்,
செத்தவர்களைக் குளிப்பாட்டுவது.
சிஸ்டர் எவுப்பிராசியின் பொறுப்பு
சாகிறவர்கள்.
ஃபாதர் தியோகு வியாழன்தோறும் வருவார்,
எண்ணெய்க் குப்பியும் நற்கருணைச் சிமிழும்
மூன்று பங்குகளின் அலுப்பும் கொண்டு.

அன்று செவ்வாய்.
மழை. கரண்ட் இல்லை.
நாலாம் கட்டிலில் செபமாலை குரூஸ்,
துறைமுகத்தில் கிரேன் ஓட்டியவர்,
இருபது வருடம் கோயில் படி மிதியாதவர்,
திடீரென்று சொன்னார்:
"சாமியைக் கூப்பிடுங்கோ.
பாவசங்கீர்த்தனம் பண்ணவேணும்."

போன் எடுத்தேன்.
ஃபாதர் ஆமர் வீதிச் சந்தியில்,
வெள்ளத்துக்கு நடுவில், ஓட்டோவுக்குள்.
"வாறன், பிடிச்சு வையுங்கோ" என்றார்,
பஸ்ஸைப் பிடித்து வைக்கச் சொல்வது போல.

சிஸ்டர் மணிக்கட்டைப் பிடித்தார்.

குரூஸ் காத்திருக்கவில்லை.
இருட்டில் ஒரு வெள்ளை உடுப்பு; அது போதும்.
தொடங்கிவிட்டார்.
"நான் குரு இல்லை, ஐயா."
"தெரியும். கேளுங்கோ."

நான் விறாந்தையில் டோர்ச்சைப் பல்லில் கவ்வி
ஃபியூஸ் கம்பி முறுக்கிக்கொண்டிருந்தேன்.
ஒரு ஊரின் பெயர் காதில் விழுந்தது.
அதை இங்கே எழுதமாட்டேன்.
எழுந்துபோய் மழையில் நின்றேன்.

அரை மணி நேரம்.
மன்னிக்கிறேன் என்ற ஒற்றைச் சொல்
சிஸ்டரிடம் இல்லை, என்னிடமும் இல்லை.
அது ஆமர் வீதியில் நின்றது,
வைப்பர் வேலை செய்யாத ஓட்டோவில்.
பத்தாயிரம் புண்ணுக்குக் கட்டுப் போட்ட கை அது;
அந்த ஒரு சிலுவையை மட்டும்
காற்றில் வரையக் கூடாது.
இது சரியா என்று என்னைக் கேட்காதீர்கள்.
நான் குழாய் பார்க்கிற ஆள்.

ஃபாதர் வந்தபோது
குரூஸின் நெற்றியில் இன்னும் சூடு இருந்தது.
நெஞ்சு ஏறவில்லை.
ஃபாதர் சிஸ்டரைப் பார்த்தார்.
சிஸ்டர் சுவரைப் பார்த்தார்.
எண்ணெயில் பெருவிரலைத் தோய்த்து
"உயிர் இருந்தால்..." என்று தொடங்கினார்.
சந்தேகத்துக்கு இடமிருக்கும்போது
பழைய குருக்கள் சொல்லிவந்த வார்த்தை.
இவ்வளவு பெரிய வீட்டில்
எனக்குப் பிடித்த சின்ன யன்னல்.

பிறகு கேட்டார்: "ஏதும் சொன்னவரோ?"
"சொன்னவர். எனக்கில்லை, ஃபாதர்.
நான் பக்கத்தில இருந்தனான், அவ்வளவுதான்."

பாவசங்கீர்த்தன முத்திரை குருவின் வாய்க்கு.
சிஸ்டரின் வாயில் அதை யாரும் குத்தவில்லை.
ஒன்பது வருடமாயிற்று;
அது திறக்கவில்லை.

ஃபாதர் வாங்கில் இருந்து
சீனியில்லாத் தேத்தண்ணி குடித்தார்.
"இறங்கி நடந்திருக்கலாம்" என்றார்.
நடந்துதான் வந்திருந்தார், பாதித்தூரம்.
ஒரு சப்பாத்தைக் காணவில்லை.

நான் வாளி எடுத்தேன்.
கால்விரல் இடுக்குகள், காதின் பின்புறம்,
பச்சை குத்திய பெயர் மங்கிப்போன புயம்.
இந்த வேலைக்குப் பட்டம் தேவையில்லை.
வெந்நீர் தேவை.

கரண்ட் வந்தது.
ஐந்தாம் கட்டிலில் மோதரை விமலதாச விழித்தார்.
"ஃபாதர்..."
"ஃபாதர் இல்லை. பிரதர்."
கொஞ்சம் யோசித்தார்.
"அப்ப மல்லிதானே" என்றார்,
அவர் மொழியில் தம்பி.
"மல்லி, வத்துர."

தண்ணீர் கொண்டுபோனேன்.